அரைப் பேர்

ஹட்டன்,
புதன் இரவு

அன்புள்ள மச்சான்,

உன் கடிதம் போன வாரம் கிடைத்தது. கோத்தகிரிப் படிகளில் ஏற உனக்கு இடது முட்டி மறுக்கிறதாம். இங்கே எனக்கு வலது. இரண்டு பேரையும் சேர்த்தால் ஒரு முழு ஆள் தேறுவான்.

மழை விட்டபாடில்லை. புது இதழ்க் கட்டுகளில் ஈரம் ஏறாமலிருக்கக் கட்டிலுக்கடியில் கல் வைத்து, பலகை போட்டு அடுக்கியிருக்கிறேன். "இலக்கியத்துக்கு மேல படுத்துத் தூங்குற ஒரே பொம்பள நான்தான்" என்கிறாள் வீட்டுக்காரி.

ஆமாம், நீ கேட்ட நம் இதழ் வந்துவிட்டது. 64 பக்கம், 300 பிரதி. முன்பு 500 போட்டோம். 2022இல் கடதாசி இல்லாமல் பள்ளிக்கூடப் பரீட்சையே தள்ளிப்போனதல்லவா, அப்போது குறைத்ததுதான். நோர்வூட், பொகவந்தலாவைக் கட்டுகள் பஸ் கண்டக்டர் கையில் போகின்றன. மஸ்கெலியாவில் ஒரு சலூன், தலவாக்கலையில் ஒரு தேத்தண்ணிக் கடை. சலூனில்தான் நன்றாகப் படிக்கிறார்கள். முடிவெட்டக் காத்திருப்பவன் கவிதையைக்கூட விட்டுவைப்பதில்லை. ஆனால் காசு கொடுத்து வாங்குவதுமில்லை! 2023இல், நம் ஆட்கள் இந்த மலைக்கு வந்து இருநூறு வருடமென்று 'மலையகம் 200' மலரை எல்லோரும் போட்ட வருடம், விளம்பரம் தானாக வந்தது. அதற்கடுத்த வருடம் போய்க் கேட்டால், "இப்ப என்ன விசேஷம்?" என்கிறார்கள். 201 என்று சொல்லிப் பார்த்தேன், சிரித்துவிட்டு அனுப்பிவிட்டார்கள். சரி, அது கிடக்கட்டும்.

உனக்கு எழுத வந்தது வேறு விஷயம். ஒரு தப்புப் பண்ணிவிட்டேன் மச்சான்.

பொகவந்தலாவைப் பக்கம் ஒரு பிள்ளை. வயது இருபதுக்குள்தான். கொப்பியில் எழுதி, ஒவ்வொரு பக்கமாகப் போனில் படமெடுத்து அனுப்பியிருந்தது. ஏழாம் பக்கத்தின் மூலையில் பிள்ளையின் பெருவிரலும் விழுந்திருந்தது. தலைப்பு 'அரைப் பேர்'. தாய் காய்ச்சலோடு மலைக்குப் போகிறாள். பின்னேரம் கொழுந்து நிறுக்கும்போது நிறை குறைகிறது. கணக்கப்பிள்ளை முழுநாள் பேருக்குப் பதில் அரைப் பேர் போடுகிறார். அவ்வளவுதான் கதை. தராசுத் தட்டு ஆடி நிற்கிற வரைக்கும் அந்தத் தாய் மூச்சை இழுத்துப் பிடித்துக்கொண்டு நிற்பதாக ஓர் இடம் வரும். நாற்பது வருடமாகக் கதை திருத்துகிறவன், அங்கே பேனாவைக் கீழே வைத்துவிட்டேன்.

மற்ற இடங்களிலும் வைத்திருக்கலாம். யாழ்ப்பாணத்தில் படிப்பவனுக்கும் சென்னையில் படிப்பவனுக்கும் புரிய வேண்டாமா என்று நினைத்து, பெரட்டைக் 'காலை வருகைப் பதிவு' ஆக்கினேன். நிரையை 'தேயிலை வரிசை' ஆக்கினேன். தலைப்பை 'பாதிச் சம்பளம்' என்று மாற்றினேன். அச்சான பிறகு எனக்குப் பெருமையாகக்கூட இருந்தது.

ஞாயிற்றுக்கிழமை அந்தப் பிள்ளை தாயையும் கூட்டிக்கொண்டு வந்துவிட்டது. கோபமெல்லாம் இல்லை. ஒரு பையில் கொய்யாப்பழம் வேறு. இதழை மேசையில் விரித்து, ஒரு வரியில் விரலை வைத்தது.

"சார், எங்கம்மா பெரட்டுக்குத்தானே போனாங்க. நீங்க வேற எங்கயோ அனுப்பிட்டீங்க."

நான் விடவில்லை. "பெரட்டு தமிழே இல்ல பிள்ள, வெள்ளைக்காரன் சொன்ன 'பரேட்'தான் அது" என்றேன்.

"இருக்கட்டும் சார். எங்க பாட்டி வாயிலயும் அதுதானே இருந்திச்சு."

அப்புறம் தலைப்புக்கு வந்தது. "பாதிச் சம்பளம்னா காசு மட்டுந்தான் சார் போகுது."

எனக்குப் பதில் வரவில்லை. செக்ரோல் புத்தகத்தில் அரைப் பேர் விழுந்த நாளில் நம் வீட்டுப் பெண்கள் எப்படி வந்து அடுப்படியில் உட்காருவார்கள் என்று உனக்குச் சொல்ல வேண்டுமா? எட்டு மணிநேரம் மலையில் நின்றவளுக்குப் பேரில் பாதிதான் என்று எழுதுகிறவன் எழுதிவிட்டான். அதை அந்தப் பிள்ளை தலைப்பில் வைத்திருந்தது. நான் அழித்திருக்கிறேன்.

இத்தனைக்கும் தாய் ஒன்றும் பேசவில்லை. போகும்போதுதான் பிள்ளை சொன்னது: கொப்பியில் இருந்தபோது தாய்க்கு வாசித்துக் காட்டியதாம், அழுதாளாம். அச்சில் வந்ததை வாசித்தபோது கடைசிவரை கேட்டுவிட்டு, "நல்லாத்தான் இருக்கு, இது யாரு வூட்டுக் கதை?" என்றாளாம்.

அன்று இரவு தூக்கம் வரவில்லை. நாம் எதைப் படித்து வளர்ந்தோம் என்று யோசித்துக்கொண்டு கிடந்தேன். 1971இல் 'கதைக்கனிகள்' வந்ததே, வீரகேசரி பத்திரிகைப் போட்டியில் பரிசு பெற்ற மலையகக் கதைகள், அதை நீதான் எங்கிருந்தோ கொண்டுவந்தாய். ஒரே பிரதி மூன்று தோட்டம் சுற்றிவிட்டு அட்டையில்லாமல் திரும்பி வந்தது. நம் வீட்டுப் பேச்சு அச்சில் வருமா என்று வாய்பிளந்து படித்தோமே தவிர, அதை யாராவது திருத்தித் தரக்கூடாதா என்று நாம் கேட்டோமா? எழுத்தாளர் தெளிவத்தை ஜோசப்பை எடுத்துக்கொள். மனிதர் பதுளைப் பக்கத்துத் தோட்டத்தின் பெயரையே தன் பெயருக்கு முன்னால் போட்டுக்கொண்டு, 2022இல் சாகிறவரை அதோடுதான் இருந்தார். 2013இல் விஷ்ணுபுரம் இலக்கிய விருது வாங்கக் கோவைக்கு வந்தபோது மலையிறங்கிப் போய்ப் பார்த்ததாக எழுதினாயே. அந்தக் கூட்டத்தில் எத்தனை பேருக்குத் தெளிவத்தை எங்கே இருக்கிறதென்று தெரிந்திருக்கும்? தெரியாவிட்டால் என்ன, வந்து உட்கார்ந்து கேட்டார்கள்தானே.

இவ்வளவு யோசித்தும் ஒன்றில் இன்னும் தடுமாற்றம். அச்சுப்பிழை பார்க்கும் நம் கூட்டாளி (கோபக்காரன், அவனை உனக்குத் தெரியும்) பக்கத்தின் அடியில் சொல்லுக்குப் பொருள் போட்டால் போதும் என்கிறான். எனக்கு மனம் வரவில்லை. நம் வீட்டுக்கு வந்த விருந்தாளிக்கு வசதியாக நம் அம்மாவுக்கே பெயர்ச்சீட்டுக் குத்திவிடுவதுபோல் இருக்கிறது. ஆனால் அவன் சொல்வதிலும் நியாயமில்லாமல் இல்லை. ஹட்டனிலேயே இன்றைக்குப் படிக்கிற பிள்ளைகளில் பாதிப் பேருக்கு, ஒப்பந்தமாக எடுத்துச் செய்கிற கொந்தரப்பு வேலை என்றால் தெரியவில்லை. அப்பன் கொழும்பில் கடையில் நிற்கிறான், பிள்ளை மலைப் பக்கமே போனதில்லை. உன் யோசனையை எழுது.

அடுத்த இதழில் அந்தக் கதையை அந்தப் பிள்ளை எழுதியபடியே மறுபடியும் போடுகிறோம். ஏன் மறுபடி என்று மேலே நாலு வரி நான் எழுதுகிறேன். இரண்டு கவிதையும் ஒரு கட்டுரையும் இடம் இழக்கும். கட்டுரை எழுதியவர் இனி என்னோடு பேசமாட்டார்.

உன்னிடமும் ஒன்று வேண்டும். நீ இந்தியாவுக்கென்று கோச்சியேறிப் போய் ஐம்பது வருடம் ஆகப்போகிறது. நீலகிரித் தோட்டங்களில் நம் ஆட்களிடம் இந்தச் சொற்கள் என்னவாயின? அங்கே பிறந்த உன் பேரப்பிள்ளைகள் பெரட்டு என்கிறார்களா, சிரிக்கிறார்களா? எட்டுப் பக்கம் எழுது. மாதக் கடைசிக்குள் வந்தால் போதும், பேரனிடம் சொல்லிப் போனில் படமெடுத்து அனுப்பு.

ஒரு சொல்லையும் தொடமாட்டேன். 'ர', 'ற' மட்டும் திருத்துவேன். எட்டாம் வகுப்பிலிருந்து உனக்கு அது வரவில்லை, போன வாரம் வந்த உன் கடிதத்திலும் மூன்று இடம்.

உன் பழைய கூட்டாளி