பெரியப்பாவைப் படமெடுக்கும் முன்

அன்பு நண்பா,

உன் கடிதம் வந்தது. அம்மா தடியில்லாமல் நடக்கிறார் என்று படித்ததும் மனசு லேசானது. இங்கே எல்லோரும் நலம். சின்னவள் பத்தாம் வகுப்புக்கு வந்துவிட்டாள்.

சுனாமியில் பெரியப்பா இழந்ததை எல்லாம் கேமரா முன்னால் உட்கார வைத்துச் சொல்லச் சொல்வது தகுமா என்று கேட்டிருந்தாய். யோசிக்க யோசிக்க ஆவணப்பட இயக்குநர் தத்தியானா உவேசோதான் நினைவுக்கு வந்தார். 1972இல் எல் சால்வடாரில் பிறந்து, சின்ன வயதிலேயே மெக்சிகோவுக்கு வந்து, அங்கேயே சினிமா படித்தவர். முதல் முழுநீள ஆவணப்படத்துக்காக 2011இல் அவர் காட்டிய ஊர் எல் சால்வடாரில் இருக்கிற சின்கேரா, அவருடைய பாட்டியின் ஊர். உள்நாட்டுப் போரில் அழிந்துபோய், பிழைத்தவர்கள் திரும்பி வந்து மறுபடி கட்டிய கிராமம். அந்த மக்களின் குரலைத் தனியாகப் பதிவு செய்தார். திரையில் அவர்கள் அன்றாட வேலையைப் பார்த்துக்கொண்டிருக்க, நடந்த கொடுமை குரலாக மட்டும் வருகிறது.

2016இல் வந்த ‘டெம்பெஸ்டாட்’ படத்தை நீ கட்டாயம் பார்க்க வேண்டும். அதில் வருகிற மிரியம், மெக்சிகோவின் கான்கூன் நகர விமான நிலையத்தில் வேலை பார்த்தவர். செய்யாத ஆள்கடத்தல் குற்றத்துக்காகக் கைதாகி, நாட்டின் வடகோடியில் மதாமோரோஸ் நகரில், போதைப்பொருள் கடத்தல் கும்பலின் பிடியில் இருந்த சிறையில் அடைக்கப்பட்டார். விடுதலையான பிறகு அவர் வீடு திரும்பும் வழியில், சுமார் 2,000 கிலோமீட்டர், படம் பஸ்ஸில் போகிறது. அந்தப் பயணத்தில் மிரியத்தின் முகம் வராது. ஜன்னலோரம் தூங்குகிற, வெளியே வெறித்துப் பார்க்கிற பயணிகளின் முகங்கள்தான். இவரா, அவரா என்று தேடுவோம். கொஞ்ச நேரத்தில், இவர்களில் யாருக்கு வேண்டுமானாலும் இது நடந்திருக்கலாமே என்று வயிற்றைப் பிசையும். கூடவே சர்க்கஸ் கோமாளி அதேலாவும் வருகிறார், காணாமல்போன மகளைத் தேடுகிற தாய். அவர் முகத்தைப் பார்க்கிறோம்.

2021இல் கதைப்படம் ஒன்று எடுத்தார். கும்பல் தூக்கிக்கொண்டு போய்விடும் என்று பயந்து, பெண் பிள்ளைகளின் முடியை ஆண் பிள்ளை போல வெட்டிவிடுகிற மலைக்கிராமம். கான் திரைப்பட விழாவில் சிறப்புப் பாராட்டு கிடைத்தது. அப்புறம் 2023இல் மறுபடி ஆவணப்படம், ‘எல் எகோ’. பெர்லின் திரைப்பட விழாவில் சிறந்த ஆவணப்பட விருது வாங்கியது. புவெப்லா மாநிலத்து மேட்டு நிலத்தில் ஆடு மேய்க்கிற, வயசான பாட்டியைப் பார்த்துக்கொள்கிற பிள்ளைகள். அதில் யாருடைய துக்கத்தையும் கிளறவில்லை. கூடவே இருந்து பார்க்கிறார், அவ்வளவுதான்.

அதனால் சொல்கிறேன், முதல் தடவை போகும்போது கேமராவை வீட்டிலேயே வைத்துவிட்டுப் போ. பெரியப்பா பக்கத்தில் திண்ணையில் உட்கார்ந்து குரலை மட்டும் பதிவு செய். வலை பின்னுகிற கைகளை அப்புறம் எடுத்துக்கொள்ளலாம். அடுத்த மாதம் நானும் வருகிறேன்.

அன்புடன்,
உன் பழைய அறைத்தோழன்