பூ எங்கே தாத்தா?

அன்புள்ள சண்முகத்துக்கு,

உன் கடிதம் வந்து மூன்று வாரம் ஆகிறது. கண்புரை அறுவை முடிந்து இப்போதுதான் எழுத்து தெளிவாகத் தெரிகிறது. உன் முழங்கால் எப்படி?

போன ஞாயிறு பேரன் தெருக் கிரிக்கெட்டுக்குக் காசு சுண்ட என்னைக் கூப்பிட்டான். பையில் கிடந்தது இரண்டு விரல் போட்ட பழைய இரண்டு ரூபாய். "பூவா தலையா?" என்றேன். வாங்கிப் புரட்டிப் பார்த்துவிட்டு, "இதுல பூ எங்கே தாத்தா?" என்கிறான். ஒரு பக்கம் சிங்கம், மறுபக்கம் விரல். நான் என்ன சொல்ல?

இரவெல்லாம் அதையே தேடிப் படித்தேன். இங்கிலாந்தில் ஒரு காலத்தில் 'கிராஸா பைலா' என்றுதான் கேட்பார்களாம். கிராஸ் சரி, சிலுவை. பழைய வெள்ளிப் பென்னியின் ஒரு பக்கம் முழுக்க அதுதான். பைல் என்பது படமே இல்லையடா, பட்டறைச் சாமான். கூர்முனையை மரக்கட்டையில் இறக்கி நிறுத்திய அடி அச்சு. அதன்மேல் வெள்ளித் தகடு, தகட்டின்மேல் இன்னோர் அச்சு, சுத்தியலால் ஒரே போடு. அடியில் கிடந்த பக்கத்துக்கு அச்சின் பெயரே ஒட்டிக்கொண்டது. பிரெஞ்சுக்காரர்கள் சிலுவையை விட்டு முகத்துக்கு மாறிவிட்டார்கள். அந்தப் பைல் மட்டும் 'பில்' என்று அவர்கள் வாயில் இன்றும் இருக்கிறது.

14ஆம் நூற்றாண்டில் இங்கிலாந்தின் இரண்டாம் எட்வர்ட் மன்னர் இந்தக் 'கிராஸா பைலா' ஆடத் தன் நாவிதரிடம் 5 ஷில்லிங் கடன் வாங்கியது அரண்மனைக் கணக்கிலேயே ஏறியிருக்கிறது. நாம் பெட்டிக்கடையில் வைத்த பாக்கி எவ்வளவோ தேவலை!

ரோமாபுரிச் சேதி இன்னும் சுவாரசியம். பழைய வெண்கலக் காசில் ஒரு பக்கம் இரட்டைமுகத் தெய்வம் ஜானஸ், மறுபக்கம் கப்பலின் முன்பகுதி. அந்தக் காசு அடிப்பது நின்று நானூறு ஆண்டுக்குப் பிறகும் பையன்கள் காசை வீசி 'தலையா கப்பலா' என்று கூவியதாக மக்ரோபியஸ் என்ற ரோமானிய எழுத்தாளர் எழுதியிருக்கிறார். பேரனிடம் சொன்னேன். "கப்பல் எங்கேன்னு ஒருத்தனும் கேக்கலையா?" என்றான்.

அப்புறம், உங்கள் அப்பா கல்லாவில் ஒதுக்கி வைத்திருந்த ஐந்தாம் ஜார்ஜ் வெள்ளி ரூபாய் நினைவிருக்கிறதா? ஒரு பக்கம் முடி தரித்த தலை, மறுபக்கம் தாமரையும் ரோஜாவுமாகப் பூவளையம். நம் 'பூ' அப்படிப்பட்ட காசிலிருந்து வந்ததாகத்தான் எனக்குத் தோன்றுகிறது. அது இன்னும் உன்னிடம் இருந்தால் பொங்கலுக்கு வரும்போது எடுத்து வா. பையன் கையில் கொடுத்துச் சுண்டச் சொல்ல வேண்டும்.

அன்புடன்,
ராமலிங்கம்