பெரியம்மாவுக்கு: வருகிற தை இல்லை, அதற்கடுத்த தை

அன்புள்ள பெரியம்மாவுக்கு,

இங்கே எல்லோரும் நலம். ஆச்சிக்கு முட்டி வலி தேவலையா?

போன வாரம் போனில் என் கல்யாணத்தைப் பற்றி நீங்கள் கேட்டதற்குச் சிரித்து மழுப்பிவிட்டேன். பக்கத்தில் அம்மா நின்றுகொண்டிருந்தாள். நான் எதிர்த்துப் பேசினால் அது அவள் வளர்ப்பின் மேல்தான் போய் விழும். அதனால் எழுதுகிறேன். பொதுவில் எழுதக் காரணம், இதே கேள்வியை ஊரில் பாதிப்பேர் கேட்டுவிட்டார்கள். தனித்தனியாகப் பதில் சொல்ல எனக்கு லீவு கிடையாது.

"ஏட்டி, தட்டு மாத்திட்டு ரெண்டு வருசம் எவளாவது காத்துக் கெடப்பாளா?" என்றீர்கள். நான் கிடக்கிறேன். அவரும் கிடக்கிறார். சங்கப் பாட்டிலேயே தலைவன் கல்யாணத்தை இழுத்தடித்தால் தோழி வந்து எப்போது, எப்போது என்று நெருக்குவாள். அதற்கென்று தனித் துறையே உண்டு. ஆக நீங்கள் செய்வது பழைய வேலைதான். ஆனால் அங்கே தள்ளிப்போடுகிறவன் அவன். இங்கே நானும் சேர்ந்துதான் தள்ளினேன். இதை மட்டும் யாரும் நம்ப மாட்டேன் என்கிறீர்கள். "மாப்ள வீட்ல ஏதோ யோசிக்காங்க" என்று நீங்களே அம்மாவிடம் சொன்னீர்களாம்.

அவர்கள் வீட்டில் யோசிப்பது கடனைப் பற்றி. அவர் தங்கை கல்யாணத்துக்கு வாங்கிய கடன் இன்னும் பாக்கி. எனக்குப் படிப்புக் கடன்; அதில் அப்பா கையெழுத்தும் இருக்கிறது, அப்பா ரிட்டையர் ஆவதற்குள் அதை முடித்தே ஆகவேண்டும். இந்த இரண்டும் நிற்கும்போது மூன்றாவதாகக் கல்யாணக் கடனையும் வாங்கிக்கொண்டு குடித்தனம் தொடங்க எங்கள் இருவருக்கும் இஷ்டமில்லை. சாப்பாடு, மண்டபம், புடவை என்று ஒரே நாளில் செலவழித்துவிட்டு ஐந்து வருடம் தவணை கட்டுகிறவர்கள் நம் வீட்டிலேயே இருக்கிறார்கள். பெயர் சொல்லவில்லை.

தங்கம் ஏறிக்கொண்டே போகும் என்று நீங்கள் சொன்னது நூற்றுக்கு நூறு சரி. 2024 தொடக்கத்தில் சவரன் 47,000 ரூபாய்க்குப் பக்கம் இருந்தது. 2025 அக்டோபரில் 90,000-ஐத் தாண்டிப் போய்விட்டது. காத்திருந்தால் விலை இறங்கும் என்று நானும் சொல்லவில்லை. நகைக்கடையில் சீட்டுப் போட்டிருக்கிறேன். அது ஏன் பதினொரு மாதத்தோடு முடிகிறது என்று ஒருமுறை கேட்டீர்கள் இல்லையா? பொருளுக்கென்று வாங்கிய முன்பணத்தை ஒரு கம்பெனி 365 நாளுக்கு மேல் வைத்திருந்தால் 2014-ஆம் ஆண்டு விதிப்படி அது முன்பணமாக இல்லாமல் டெபாசிட்டாகவே எண்ணப்படும். அந்த வம்பு வேண்டாம் என்றுதான் அதற்குள் முடித்துக்கொள்கிறார்கள். கல்யாணத்துக்குள் இரண்டு சீட்டு முடியும். அதில் எவ்வளவு வருமோ அவ்வளவுதான் என் நகை. பவுனைக் குறைத்துக்கொள்கிறேன், அதற்காகக் கல்யாண நாளை முன்னால் இழுக்க மாட்டேன்.

அப்புறம் குரு பலன். அது போவதற்குள் முடித்துவிட வேண்டும் என்று ஜோசியர் சொன்னாராம். குரு ஒரு ராசியில் ஏறத்தாழ ஒரு வருடம் இருப்பார். நம் ராசிக்கு 2, 5, 7, 9, 11-இல் வந்தால் பலன் உண்டு என்று நீங்கள்தான் எனக்குச் சொல்லிக் கொடுத்தீர்கள். அப்படியென்றால் பன்னிரண்டு வருடத்தில் ஐந்து வருடம் அவர் நம் பக்கம். நான் ஒன்றும் வால்நட்சத்திரத்துக்குக் காத்திருக்கவில்லை பெரியம்மா.

ஆனால் கடனும் ஜாதகமும் இல்லை, உங்கள் உண்மையான பயம் வேறு என்று எனக்குத் தெரியும். இடையில் ஏதாவது ஆகி நின்றுபோனால்? நீங்கள் வாய்விட்டுச் சொல்லவில்லை, அபசகுனம் என்று. நான் சொல்லிவிடுகிறேன். நின்றுபோனால் அவரை ஒருத்தரும் ஒன்றும் கேட்க மாட்டார்கள். என்னைத்தான் ஒவ்வொரு வீட்டு விசேஷத்திலும் ஓரக்கண்ணால் பார்ப்பார்கள். அடுத்து வருகிற மாப்பிள்ளை வீட்டுக்காரர்கள் "ஏன் நின்னுச்சு?" என்று என்னைப் பற்றித்தான் விசாரிப்பார்கள். இது அநியாயம், ஆனால் நடக்கிறது. உங்கள் பயம் வீண் பயம் என்று நான் சொல்லவே மாட்டேன்.

இருந்தாலும் யோசித்துப் பாருங்கள். இரண்டு வருடத்தில் தெரிந்துவிடுகிற ஒரு குணம், மூன்று மாதத்தில் தாலி கட்டினால் இல்லாமல் போய்விடுமா? அப்போதும் வெளியே வரும், கட்டிய பிறகு வரும். இப்போது முறிந்தால் புடவையையும் மோதிரத்தையும் திருப்பிக் கொடுத்து, நாலு நாள் அழுதுவிட்டு வேலைக்குப் போகலாம். கல்யாணத்துக்குப் பிறகு என்றால், இருவரும் மனமொத்துக் கேட்டாலும் இந்து திருமணச் சட்டப்படி முதலில் ஒரு வருடம் பிரிந்து வாழ்ந்திருக்க வேண்டும். மனுப் போட்ட பிறகு இன்னும் ஆறு மாதம். அந்த ஆறு மாதத்தை நீதிமன்றம் தளர்த்தலாம் என்று 2017-இல் உச்ச நீதிமன்றம் சொன்ன பிறகு கொஞ்சம் இலகு, அவ்வளவே. ஊர் பேசுவது மட்டும் இரண்டிலும் ஒன்றுதான்.

இதுவரை என்ன தெரிந்துகொண்டாய் என்று கேட்பீர்கள். அவருக்குக் கோபம் வந்தால் பேச மாட்டார், பாத்திரம் கழுவுவார். சம்பளம் எவ்வளவு, கடன் எவ்வளவு என்று இருவரும் பேங்க் பாஸ்புக்கைக் காட்டிக்கொண்டோம். அவருடைய அம்மா என் வேலையைப் பற்றி என்ன நினைக்கிறார் என்பதும் தெரியும். அது எனக்குப் பிடிக்கவில்லை, அதைப் பேசிக்கொண்டிருக்கிறோம். கல்யாண அவசரத்தில் இதையெல்லாம் பேச யாருக்கு நேரம்? பத்திரிகையில் யார் பெயர் முதலில் வரும் என்பதிலேயே பொழுது போய்விடும்.

ஆச்சி கண்ணால் பார்க்க வேண்டாமா என்றீர்கள். அதற்கு மட்டும் நான் பதில் தேடித்தான் பார்க்கிறேன். போன தடவை வந்தபோது ஆச்சியிடமே நேராகக் கேட்டேன். "எங்க ரெண்டு பேருக்கும் இப்படித் தோணுது, ஒங்களுக்கு வருத்தமா?" ஆச்சி முதலில் கேட்டது அவர் வேலை பார்க்கிற ஊரில் தண்ணீர் உப்பா, நல்ல தண்ணியா என்று. பிறகு, "ஒங்க தாத்தா மொகத்த நான் மணவடையிலதான் பாத்தேன். நீ நல்லாப் பாத்துக்க" என்றார். ஆச்சிக்கு உடம்பு முடியாமல் போனால் கோயிலில் வைத்து எளிமையாக முடித்துக்கொள்ள நாங்கள் இருவரும் தயார். சாப்பாட்டைப் பிறகு போடலாம். இதை அம்மாவிடமும் சொல்லிவிட்டேன்.

உங்களிடம் ஒரே ஒரு உதவி. ஆவணியில் மாமா மகன் கல்யாணத்துக்கு வருவேன். அங்கே என்னைச் சுற்றிக்கொள்கிறவர்களை நீங்கள் கொஞ்சம் பார்த்துக்கொள்ள வேண்டும். "தை முகூர்த்தம்" என்று சொல்லிவிடுங்கள், பொய்யில்லை. எந்தத் தை என்று கேட்கிற அளவுக்குப் பந்தியில் யாருக்கும் பொறுமை இருக்காது.

இப்படிக்கு,
உங்கள் தங்கச்சி மகள்