சோத்து இன்ஸ்பெக்டர்

ஆயர் ஈத்தாம், பினாங்கு

டேய் மணியம்,

தைப்பூசத்தில் தண்ணீர்மலையில் பார்த்தது. அதற்கப்புறம் நான் போனும் எடுக்கவில்லை, எழுதவும் இல்லை. திட்டுவதை நேரில் வந்து திட்டிக்கொள். வீட்டில் எல்லாரும் சுகம். என் முட்டி மட்டும் பழையபடி.

இப்போது எழுத வைத்தது ஒரு தட்டு சோறு. பேத்தி பிறந்தநாளுக்கு ஆக்கிய நெய்ச்சோறு மீந்து, மூடிய பானையோடு ராத்திரி முழுக்க மேடையிலேயே கிடந்தது. காலையில் முட்டை உடைத்து ஊற்றி, சம்பால் போட்டு, புகை வர வறுத்து ஒரு பிடி பிடித்தேன். பத்து மணிக்கெல்லாம் பாத்ரூம் தரையில் கிடக்கிறேன். கிளினிக்கில் அந்த டாக்டர் பெண் நான் சொல்லி முடிக்குமுன்பே, "அங்கிள், சோறு ராத்திரி வெளியேவா இருந்துச்சு?" என்றாள்.

"நல்லா சுடவச்சுத்தானம்மா சாப்பிட்டேன்."

அங்கேதான் ஏமாந்தேன். பேசிலஸ் சீரியஸ் என்று ஒரு கிருமி, அரிசியோடே வருகிறது. கொதியில் கிருமி சாகும், அதன் வித்து சாகாது. சோறு வெதுவெதுப்பாகக் கிடந்தால் முளைத்துப் பெருகி நஞ்சைக் கக்கிவைக்கும். அந்த நஞ்சு 121 டிகிரியில் ஒன்றரை மணி நேரம் வைத்தாலும் அசையாதாம். என் குவாலிச் சட்டி எம்மாத்திரம்! 1970களில் இங்கிலாந்தில் சீனக் கடை ஃபிரைட் ரைஸ் சாப்பிட்டவர்கள் வாந்தி எடுத்துத்தான் இதன் குட்டு வெளிப்பட்டது.

அன்றிலிருந்து எனக்குப் பைத்தியம். மருமகளின் கேக் தெர்மாமீட்டரைச் சோற்றுப்பானையில் குத்திப் பார்த்தேன். இறக்கி மூன்று மணி நேரம் ஆகியும் ஓரத்தில் 34, நடுவில் 47. கிருமிக்கு மாமியார் வீட்டு விருந்து! இப்போதெல்லாம் மீந்தால் தாம்பாளத்தில் பரப்பி, ஆவி அடங்கியதும் ஐஸ்பெட்டிக்குள். வீட்டில் எனக்குப் பெயர் 'சோத்து இன்ஸ்பெக்டர்'.

"பாட்டி பழையசோறு தின்னே தொண்ணூறு தாண்டினாளே" என்பாய். பாட்டி தண்ணீர் ஊற்றி வைத்தாள்டா. அதில் லாக்டிக் அமிலக் கிருமிகள் முந்திக்கொண்டு புளிக்கவைக்கும். அந்தப் புளிப்பில் இந்தப் பயல் தலையெடுப்பது கஷ்டம். நான் நெய்ச்சோற்றை மூடிவைத்துவிட்டுப் பாட்டி பேரன் என்று நினைத்துக்கொண்டேன்.

ஒன்று மட்டும் இன்னும் உறுத்துகிறது. அன்று காலை பேத்தி பக்கத்தில் வந்து வாயைத் திறந்துகொண்டு நின்றாள். சம்பால் காரம் என்று தரவில்லை. சம்பால் போடாமல் இருந்திருந்தால் தந்திருப்பேன். மூன்று வயது, மணியம்.

தீபாவளிக்கு வா. போன தடவை மாதிரி கோலாலம்பூரிலிருந்து பஸ்ஸில் பிரியாணியை மடியில் வைத்துக்கொண்டு வந்தால், வாசலிலேயே தெர்மாமீட்டர் குத்துவேன்.

உன்,
கருவாடு