சேனல் ஆரம்பிக்கப் போகும் தம்பிக்கு

அன்பான தம்பிக்கு, ஸ்தோத்திரம்.

யூடியூபோடு நிற்காமல் 24 மணி நேரக் கிறிஸ்தவச் சேனலே ஆரம்பிக்கலாம் என்று இருக்கிறாய், அமெரிக்காவின் சிபிஎன் என்ற கிறிஸ்தவ டிவி நிறுவனம்கூட ஒன்றுமில்லாமல்தானே தொடங்கியது என்று எழுதியிருந்தாய். அந்தக் கதையை எல்லோரும் அதைத் தொடங்கிய ஊழியர் பாட் ராபர்ட்சனின் விசுவாசத்தில் ஆரம்பித்து நேரே சாட்டிலைட்டுக்குப் போய்விடுகிறார்கள். நடுவில் மாதாமாதம் வந்து நின்ற செலவைப் பற்றி யாரும் பேசுவதில்லை, எனக்கோ அதுதான் முக்கியமாகப் படுகிறது.

முதலில் அந்த 'ஒன்றுமில்லாமல்'. 1959 கடைசியில் வர்ஜீனியாவின் போர்ட்ஸ்மவுத்துக்குக் குடும்பத்தோடு வந்தபோது கையில் 70 டாலர்தான் இருந்தது என்று ராபர்ட்சனே சொல்லியிருக்கிறார். சரி, இருக்கட்டும். ஆனால் அவர் யேலில் சட்டம் படித்தவர், அப்பா வில்லிஸ் ராபர்ட்சன் அதே மாநிலத்தின் செனட்டர், அந்தப் பெயரையும் 70 டாலரோடு சேர்த்துக் கணக்குப் போடு.

அவர் 37,000 டாலருக்குப் பேசி வாங்கியது ஏற்கெனவே மூடிக்கிடந்த ஒரு நிலையம், சேனல் 27. மலிவாகக் கிடைத்ததற்குக் காரணம் உண்டு. அது யுஎச்எஃப் அலைவரிசை, அதாவது 14ஆம் எண்ணிலிருந்து மேலே உள்ள சேனல்கள்; அன்றைக்கு விற்ற டிவிகளில் பெரும்பாலானவை 2 முதல் 13 வரையான சேனல்களைத்தான் எடுக்கும், மற்றதற்குத் தனியாக ஒரு கன்வெர்ட்டர் பெட்டி வாங்கி மாட்ட வேண்டும். புதிய டிவி எல்லாமே யுஎச்எஃப் எடுக்க வேண்டும் என்ற சட்டம் 1962இல்தான் வந்தது, கடைக்கு வந்த டிவிகளில் அது நடைமுறையானது 1964இல். ராபர்ட்சனோ 1961 அக்டோபர் 1 அன்றே ஒளிபரப்பைத் தொடங்கிவிட்டார். பைபிளில் கடவுளுக்கு வரும் யாவே என்ற எபிரேயப் பெயரை வைத்து டபிள்யூஒய்ஏஎச் என்று அழைப்பெழுத்து, சாயங்காலத்தில் சில மணி நேரம் நிகழ்ச்சி, அவ்வளவுதான்.

பார்க்கிறவர்கள் குறைவு, விளம்பரமும் இல்லை, ஆனால் கரண்ட், சம்பளம், டிரான்ஸ்மிட்டர் எதுவும் காத்திருக்காதே. 1963இல் மாதச் செலவு 7,000 டாலர் என்று கணக்குப் போட்டு, மாதம் 10 டாலர் தர 700 பேர் வேண்டும் என்று டிவியிலேயே கேட்டார். 'தி 700 கிளப்' என்ற பெயர் வந்தது இப்படித்தான். இன்றைக்கு நம் ஊழியங்களில் மாதக் காணிக்கை தருகிறவர்களுக்காக அச்சடிக்கிற பங்காளர் படிவத்தைப் பார்த்தால் எனக்கு இந்தப் பெருக்கல்தான் ஞாபகத்துக்கு வரும்.

1965இல் ஜிம் பேக்கரும் அவர் மனைவி டாமி ஃபேயும் சேர்ந்தார்கள். பொம்மைகளை வைத்துக் குழந்தைகளுக்கு நிகழ்ச்சி நடத்துவதுதான் அவர்கள் வேலை. அந்த வருட நிதி திரட்டலில் பணம் போதாமல் இருந்தபோது ஜிம் கேமரா முன்னால் அழுதுவிட்டார், போன் விடாமல் அடிக்க ஆரம்பித்தது. அடுத்த வருடமே 'தி 700 கிளப்' தினசரி நிகழ்ச்சி ஆகிவிட்டது. என் பார்வையில் அந்த நிலையம் திசை மாறிய இடம் இது. அதுவரை நிகழ்ச்சிக்காகக் காணிக்கை கேட்டார்கள், அப்புறம் காணிக்கை கேட்பதே நிகழ்ச்சியில் பாதி ஆயிற்று. அந்த அழுகை பொய் என்று நான் சொல்லவில்லை. ஆனால் ஒரு தடவை பலித்தது தெரிந்த பிறகு அடுத்த தடவை எது நிஜம் என்று பிரிப்பது அழுகிறவருக்கே கஷ்டம். பேக்கர் 1972இல் அங்கிருந்து விலகி பிடிஎல் என்ற டிவி ஊழியத்தைத் தனியாக நடத்தி, 1989இல் பணமோசடி வழக்கில் 45 வருடத் தண்டனை பெற்றதும், பின்னால் அது குறைக்கப்பட்டதும் உனக்குத் தெரிந்த கதைதான்.

சேனல் 27 பிறகு பழைய சீரியல்களும் ஊழிய நிகழ்ச்சிகளும் கலந்து போடுகிற நிலையமாக மாறியது. 1977இல் சிபிஎன் சாட்டிலைட்டில் ஏறிய பிறகு உள்ளூர் கோபுரம் எதற்கு? 1989இல் விற்றுவிட்டார்கள், டபிள்யூஜிஎன்டி என்று பெயரும் மாறியது. சாட்டிலைட் சேனலும் ஃபாக்ஸ் கைக்குப் போய், 2001இல் டிஸ்னி கைக்குப் போய், இப்போது ஃப்ரீஃபார்ம். விற்கும்போதே 'தி 700 கிளப்' ஓடியாக வேண்டும் என்று ஒப்பந்தம் போட்டிருந்ததால், வாங்கியவர்களும் அதை ஓட்ட வேண்டியதாயிற்று. சட்டம் படித்தது வீண்போகவில்லை!

நீ ஸ்லாட் வாடகை, ஆள் சம்பளம், கரண்ட் எல்லாம் போட்டு ஒரு வருடக் கணக்கை எனக்கு அனுப்பு. பங்காளர் படிவத்தை அதுவரை அச்சுக்குக் கொடுக்காதே.

அண்ணன்