காலத்தைத் திருப்பும் யாழுக்கு ஒரு விலை வையுங்கள்

புதுச்சேரியிலும் கடலூரிலும் தமிழில் மிகுபுனைவு (ஃபேண்டஸி) எழுதிவரும் இளம் எழுத்தாளர்களுக்கு,

வணக்கம்.

உங்கள் கதைகளைத் தொடர்ந்து படித்துவரும் வாசகன் என்ற உரிமையில் இம்மடலை எழுதுகிறேன். அண்மைக் காலமாக உங்கள் கற்பனை நாடுகளில் காலத்தை ஆளும் இசைக்கருவி ஒன்று அடிக்கடி தலைகாட்டுகிறது. பெரும்பாலும் அது ஒரு பொற்குழல். நாயகன் எடுத்து ஊதியதும் எதிரியின் வாள் அந்தரத்தில் நின்றுவிடுகிறது, மாண்டவர்கள் எழுந்துவிடுகிறார்கள், நேற்று என்பது இன்னொரு முறை விடிகிறது. அவன் வாசித்தது என்ன பண் (நம் பழைய இராகம்), அது எந்த வேளைக்குரியது, கருவி சுதி சேர்ந்திருந்ததா என்பன பற்றிக் கதையில் ஒரு வரிகூட இல்லை. குழலுக்குப் பதில் ஒரு சுவிட்சை அவன் கையில் கொடுத்திருந்தாலும் கதை அப்படியே நடந்திருக்கும். இசைக்கருவியைக் கதைக்குள் கொண்டுவந்தால் அது இசைக்கருவியாகவே நடந்துகொள்ள வேண்டும் என்பதுதான் என் வேண்டுகோள்.

அதற்கான விதிகளைத் தேடி நீங்கள் வெகுதூரம் போக வேண்டியதில்லை. ஒரு நாளை ஆறு சிறுபொழுதுகளாகப் பகுத்து, ஒவ்வொன்றுக்கும் பத்து நாழிகை, அதாவது நான்கு மணி நேரம், என்று கணக்கிட்டது நம் மரபு. காலையில் மருதம் என்னும் பண்ணையும் மாலையில் செவ்வழி என்னும் பண்ணையும் வாசிப்பது பாணர் வழக்கம். தேவாரப் பண்களிலும் பகற்பண், இராப்பண், எவ்வேளைக்கும் உரிய பொதுப்பண் என்னும் பகுப்பு உண்டு. புறநீர்மை பகலுக்குரியது, மேகராகக்குறிஞ்சி இரவுக்குரியது. இந்த முறை பிறழ்ந்த ஓரிடத்தைப் புறநானூற்றின் 149ஆம் பாட்டில் வன்பரணர் காட்டுகிறார். நள்ளி என்னும் வள்ளல் வாரி வழங்கியதில் பாணர்கள் முறை மறந்து, மாலையில் மருதத்தையும் காலையில் செவ்வழியையும் வாசிக்கிறார்களாம். அங்கே அது வள்ளலைப் புகழும் வழி. உங்கள் நாட்டில் அந்தப் பிறழ்ச்சியே மந்திரமாக இருக்கட்டும். வேளை மாற்றி ஒரு பண்ணை மீட்டினால், அந்தப் பண்ணுக்குரிய வேளை வந்தே தீர வேண்டும்.

வந்தால் என்ன ஆகும் என்பதைத்தான் நீங்கள் எழுத வேண்டும். கெடிலத்தைப் போன்ற ஓர் ஆறு கடலில் கலக்குமிடத்தில் ஒரு துறைமுகப்பட்டினம் இருப்பதாக வைத்துக்கொள்வோம். படையெடுத்து வருபவர்களை இருளில் தடுமாற வைப்பதற்காக, நண்பகலில் பாடினி ஒருத்தி செவ்வழியை மீட்டுகிறாள். வெயில் மஞ்சளாகிறது. மேய்ச்சலுக்குப் போன மாடுகள் அரைவயிற்றோடு தொழுவம் திரும்புகின்றன. மணலில் பரப்பிய மீன் கருவாடாகும் முன்பே பனி இறங்குகிறது. வலை போட்டவர்கள் ஒரு பாடு மீனும் இல்லாமல் கரையேறுகிறார்கள். பகைவர்கள் தடுமாறித் தோற்கத்தான் செய்தார்கள். ஆனால் அரை நாள் கூலி இழந்த உப்பளத்துப் பெண்கள் மறுநாள் பாடினியின் வாசலுக்கு வந்து, எங்கள் பொழுதை யார் தருவது என்று கேட்கிறார்கள். போர்க்களத்தைவிட அந்த வாசலில் எனக்குக் கதை அதிகம் தெரிகிறது.

கருவி யாழாகவே இருக்கட்டும். குழல் பேரில் எனக்குப் பகையில்லை. ஆனால் யாழுக்கு நரம்பு உண்டு, நரம்புக்குப் பருவம் உண்டு. நெடுநல்வாடை என்னும் சங்கப் பாட்டில், வாடைக்குளிரால் பண் திரிந்துபோன யாழை ஆடல் மகளிர் தங்கள் மார்பின் வெம்மையால் தடவி மீண்டும் சுதி சேர்க்கிறார்கள். காலத்தை வளைக்கும் கருவியையே காலம் வளைத்துவிடுகிறது என்பதைவிட நல்ல தடை கதைக்குக் கிடைக்குமா? கூதிர் என்னும் குளிர்காலத்தில் உங்கள் பாடினி வலுவிழக்க வேண்டும். பகைவனும் அதை அறிந்து காத்திருக்க வேண்டும். செங்கோட்டி யாழுக்கு 7 நரம்பு, பேரியாழுக்கு 21 நரம்பு என்பார்கள். அவற்றில் ஒன்று அறுந்தால் எந்தப் பொழுது கைவிட்டுப் போகும் என்பதை எழுதத் தொடங்கும் முன்பே முடிவு செய்துகொள்ளுங்கள்.

சென்ற காலத்துக்குத் திரும்பும் ஆற்றலை மட்டும் தாராளமாக வழங்கிவிடாதீர்கள். விருத்தாசலத்தை அடுத்த இராஜேந்திரப்பட்டினம்தான் பழைய எருக்கத்தம்புலியூர், சம்பந்தரின் பாடல்களை யாழில் வாசித்துவந்த திருநீலகண்ட யாழ்ப்பாணரின் ஊர். சம்பந்தரின் தருமபுரப் பதிகம் தம் யாழில் அடங்காதது கண்டு அவர் யாழையே உடைக்க ஓங்கியதைப் பெரியபுராணம் சொல்கிறது. பிற்காலத்தில், தில்லையில் கிடைத்த தேவார ஏடுகளைக் கரையான் அரித்திருக்க, எஞ்சிய பதிகங்களுக்குப் பண் வகுத்துத் தந்தவள் அந்த யாழ்ப்பாணர் மரபில் அதே ஊரில் வந்த ஒரு பெண் என்கிறது திருமுறைகண்ட புராணம். கரையான் தின்ற ஏடுகள் மீளவில்லை. எஞ்சியவற்றுக்கே பண் மீண்டது. உங்கள் யாழும் அவ்வளவே செய்யட்டும். மாண்ட தம்பியை அது எழுப்ப வேண்டாம்; அவன் பாதியில் விட்டுப்போன பாட்டின் மறுபாதியை அக்காவின் விரல்களுக்கு நினைவூட்டினால் போதும்.

அடுத்த கதையை எழுதும் முன், தேவாரத்தை முறையாகக் கற்ற ஓதுவார் ஒருவரிடம் ஒரு காலைப்பொழுதும் ஒரு மாலைப்பொழுதும் அமர்ந்து கேளுங்கள். எந்தப் பண் எந்த வேளைக்கு என்று ஓர் அட்டவணை போட்டு எழுதும் மேசைமேல் ஒட்டிவையுங்கள். கருவிக்கு என்ன பெயர் சூட்டுவது என்பதை அதன் பிறகு பார்த்துக்கொள்ளலாம்.

அன்புடன்,
ஒரு வாசகன்
திருப்பாதிரிப்புலியூர், கடலூர்