செயலாளர் ஆண்டறிக்கை 2024–25

தலைவர் அவர்களுக்கும் செயற்குழுவினருக்கும் பொதுக்குழுவுக்கு வந்திருக்கும் குடியிருப்போர் அனைவருக்கும் வணக்கம்.

தண்ணீர்த் தொட்டி சுத்தம், தெருவிளக்கு, ஜெனரேட்டர் பராமரிப்பு வழக்கம்போல் நடந்தன. வரவு செலவைப் பொருளாளர் வாசிப்பார். இந்த ஆண்டு செயற்குழுவைப் படுத்தியெடுத்தது மின்னஞ்சல்தான்.

சங்கத்தின் மெயில் சர்வரை வேறு நிறுவனத்துக்கு மாற்றிய பிறகு, பராமரிப்புக் கட்டண ரசீதும் கூட்ட அறிவிப்பும் ஜிமெயில்காரர்களுக்கு மட்டும் போகவில்லை. ஸ்பாமில் தேடியும் பயனில்லை; ஜிமெயில் வாசலிலேயே மறுத்துவிட்டது. காரணம், திரும்பி வந்த மடலிலேயே எழுதியிருந்தது: 550 5.7.26. அனுப்புநர் யார் என்பதற்குச் சான்றில்லை என்று பொருள். எண் 4-ல் தொடங்கினால் தற்காலிகத் தடை, சர்வர் தானே மறுபடி முயலும். 5-ல் தொடங்கினால் மறுப்பு. கோளாறைச் சரிசெய்யாமல் திரும்பத் திரும்ப அனுப்பிப் பலனில்லை.

2024 பிப்ரவரி முதல், தனக்கு அனுப்பும் எவரும் எஸ்.பி.எஃப். (நம் பெயரில் அனுப்ப எந்த சர்வர்களுக்கு அனுமதி என்று சொல்லும் வரி) அல்லது டி.கே.ஐ.எம். (மடலோடு போகும் மின்னணுக் கையொப்பம்) சான்றாவது வைத்திருக்க வேண்டும் என்கிறது ஜிமெயில். நம் டொமைனில், அதாவது சங்கத்தின் இணையப் பெயரில், எஸ்.பி.எஃப். இல்லாமல் இல்லை, இரண்டு இருந்தன! பழைய நிறுவனத்தின் எஸ்.பி.எஃப். வரியை நீக்காமல் புதியது சேர்க்கப்பட்டிருந்தது. ஒரு டொமைனுக்கு ஒரே வரிதான். இரண்டிருந்தால் இரண்டுமே செல்லாது. பழையதை எடுத்தோம், அறிவிப்புகள் போகத் தொடங்கின.

டி.கே.ஐ.எம். கையொப்பமும் போட்டோம். அலுவலக முகவரிக்கு வருவதை ஜிமெயிலுக்குத் திருப்பிவிட்டிருப்பவர்களுக்கு அது அவசியம். வழியில் சர்வர் மாறுவதால் எஸ்.பி.எஃப். அங்கே தோற்கும், மடலை யாரும் திருத்தாதவரை கையொப்பம் நிற்கும். கையொப்பத்தைச் சரிபார்க்கும் 2048 பிட் சாவி டி.என்.எஸ்.ஸில் (டொமைனின் விவரங்கள் பதிவாகும் இணைய ஏட்டில்) ஒரு துண்டுக்குரிய 255 எழுத்துக்குள் அடங்காது, பிரித்துத்தான் போட வேண்டும். முதலில் வால் அறுந்த சாவியே பதிவாகியிருந்தது. ஐ.பி. எண்ணிலிருந்து பெயரைக் காட்டும் பி.டி.ஆர். பதிவு நம் கையில் இல்லை. சர்வர் நிறுவனம்தான் போட வேண்டும். போட்டுவிட்டார்கள், பல முறை நினைவூட்டிய பிறகு.

இந்தச் சான்றுகளில் தேறாத மடலை என்ன செய்வது என்று பெறும் சர்வருக்குச் சொல்லும் டிமார்க் இப்போதைக்குக் கண்காணிப்பு நிலையில் மட்டும் இருக்கிறது. அதன் அறிக்கைகளைப் பொறுமையாகப் படித்துவரும் இளைஞர் குழுவுக்கு நன்றி. நாம் அனுப்பும் மடல்கள் எல்லாம் சோதனையில் தேறுகின்றன என்று தெளிவான பின் அதைக் கடுமையாக்கலாம் என்பது என் கருத்து. இதற்குப் பொதுக்குழுவின் ஒப்புதல் வேண்டும்.

இன்னமும் சில மடல்கள் 5.1.1 என்று திரும்புகின்றன. அப்படியொரு முகவரியே இல்லை என்று பொருள். அந்த வீட்டு எண்கள் அறிவிப்புப் பலகையில் உள்ளன. சம்பந்தப்பட்டவர்கள் வாசலில் இருக்கும் பதிவேட்டில் சரியான முகவரியைத் தெளிவான எழுத்தில் எழுதிவிட்டுப் போகவும். அதுவரை அவர்களுக்கு நோட்டீஸ் தாளிலேயே வரும்.

செயலாளர்